ஏட்டிலும் வில்லிலும் திரையிலும் ஒரு கவிஞர்: கொத்தமங்கலம் சுப்புவின் முத்தமிழ் முயற்சி

தமிழை இயல், இசை, நாடகம் என மூன்றாக வகுத்துக் கண்டவர் நம் முன்னோர். அம்மூன்றும் ஒருங்கே அமைந்த காப்பியமாகச் சிலப்பதிகாரத்தை நாம் மாணவர்க்குக் கற்பிக்கிறோம். கானல்வரியும் வேட்டுவ வரியும் ஆய்ச்சியர் குரவையும் இன்று அச்சிட்ட பாட்டுகளாக நம் கையில் இருப்பினும், அவை பாடவும் ஆடவும் பெற்றவை என்பதை உரையாசிரியர்கள் நமக்கு நினைவூட்டுகின்றனர். ஆயினும், முத்தமிழ் என்னும் சொல் காலப்போக்கில் மேடை முழக்கமாகத் தேய்ந்துவிட்டது. இயல் வல்லார் இசையினின்று விலகி நின்றனர். இசை வல்லார் பலர்க்குச் சொல் வெறும் துணைக்கருவியாயிற்று. நாடகமோ கற்றோர் முகஞ்சுளிக்கும் கூத்தாகக் கருதப்பட்டது.

1931இல் 'காளிதாஸ்' என்னும் படத்தின் வழியே தமிழ் திரையில் பேசத் தொடங்கியது. அதன் பின்னர், பிரிந்து நின்ற இம்மூன்றையும் ஒரு கவிஞனின் கைக்குள் மீண்டும் கொண்டுவர இயலுமா என்னும் வினா எழுந்தது. அவ்வினாவுக்குத் தம் வாழ்நாள் உழைப்பால் விடை கூற முற்பட்டவர் கொத்தமங்கலம் சுப்பு (1910–1974). கவிஞர், வில்லிசைஞர், நடிகர், பாடலாசிரியர், இயக்குநர், புதின ஆசிரியர் எனப் பல துறைகளில் இயங்கிய அவரைத் 'தில்லானா மோகனாம்பாள்' எழுதியவர் என்ற அளவிலேயே நம்மில் பலர் அறிந்து வைத்திருக்கிறோம். இலக்கிய வரலாற்று நூல்களும் அவருக்கு ஒரு வரியோ இரண்டு வரியோ ஒதுக்கி அப்பால் சென்றுவிடுகின்றன.

அவர் ஆற்றிய பணி, எழுதப்படிக்க வாய்ப்பற்றிருந்த மக்களின் செவியை நம்பிச் செய்யப்பட்ட ஒரு சோதனை முயற்சி என்பதும், பேராக் மாநிலத்துத் தோட்டப்புறங்களில் வேர்கொண்ட நமக்கு அம்முயற்சி தனிப்பாடம் ஒன்றைச் சொல்கிறது என்பதுமே இக்கட்டுரையின் கருத்தாகும்.

மரபும் களமும்

சுப்புவின் முயற்சிக்கு முன்னோடி இல்லாமல் இல்லை. பத்தொன்பதாம் நூற்றாண்டில் கோபாலகிருஷ்ண பாரதியார் நந்தனார் சரித்திரத்தைக் கீர்த்தனையாகப் பாடினார். நொண்டிச் சிந்தும் கும்மியும் தெம்மாங்கும் மக்கள் நாவில் வழங்கிவந்தன. பாரதியார் பாஞ்சாலி சபதத்தின் முதற் பாகத்தை 1912இல் வெளியிட்டபோது, எளிய சொல்லும் எளிய நடையும் பொதுமக்கள் விரும்பும் மெட்டும் கொண்ட காவியம் வேண்டும் என்னும் கருத்தை முன்னுரையில் எடுத்துரைத்தார். சிந்து யாப்பைக் காப்பியத்துக்கு உரிய யாப்பாக உயர்த்தியது அந்நூல்.

பாரதியார் மறைந்த 1921இல் வானொலி தமிழகத்தை எட்டவில்லை, திரைப்படம் பேசவில்லை. சுப்புவின் தலைமுறைக்கோ இரண்டும் கிட்டின. செட்டிநாட்டுக் கொத்தமங்கலத்தின் பெயரைத் தம் பெயரோடு இணைத்துக்கொண்ட அவர், 1930களில் நடிகராகத் திரையுலகில் நுழைந்தார். பின்னர் எஸ். எஸ். வாசனின் ஜெமினி நிறுவனத்தில் சேர்ந்தார். 1928இல் ஆனந்த விகடனைத் தம் உடைமையாக்கிக்கொண்ட வாசன், 1940களின் தொடக்கத்தில் சென்னையில் ஜெமினி ஸ்டூடியோவையும் நிறுவினார். ஒரே தலைமையின் கீழ் அச்சகமும் படப்பிடிப்புத் தளமும் அமைந்திருந்த இந்தச் சூழல், எழுத்தையும் ஒலியையும் காட்சியையும் ஒருசேர ஆள விழைந்த கவிஞருக்கு ஏற்ற களமாயிற்று.

அக்களத்திலிருந்து மலாயாவுக்கும் ஒரு வழி இருந்தது. சுப்பு நடித்த 'தாசி அபரஞ்சி' (1944) படத்தை இயக்கிய பி. என். ராவ், பிற்காலத்தில் சிங்கப்பூருக்கு வந்து மலாய்ப் படங்களை இயக்கினார். 1957இல் வெளிவந்து புகழ்பெற்ற 'பொந்தியானாக்' அவர் இயக்கியதே. சென்னைப் படத்தளங்களில் உருவான தொழில்திறன் நம் நாட்டு மலாய்த் திரைக்கலைக்கும் உரமாயிற்று என்பதற்கு இஃது ஒரு சான்று.

வில்லும் குடமும்

1948 ஜனவரி 30ஆம் நாள் காந்தியடிகள் சுட்டுக் கொல்லப்பட்டார். அம்மறைவுக்குப் பின் இரங்கற்பாக்கள் பல எழுந்தன. வெண்பாவிலும் விருத்தத்திலும் புலவர்கள் புலம்பினர். சுப்புவோ வேறு வழியைத் தேர்ந்தார். காந்தியடிகளின் வரலாற்றை நாட்டுப்புறக் கதைப்பாடலாக இயற்றி, 'காந்தி மகான் கதை' எனப் பெயரிட்டார். விகடன் வழியே வாசகரை அடைந்த அக்கதையை அவரே வில்லிசையாக மேடையேற்றினார்.

வில்லுப்பாட்டின் அமைப்பை மாணவர் பொருட்டுச் சுருக்கமாகக் கூறுவோம். நாண் பூட்டிய பெரிய வில்லில் மணிகள் தொங்கும். தலைமைப் பாடகர் வீசுகோலால் நாணைத் தட்டுவார். வில்லோடு பிணைந்த மண்குடத்தின் வாயை ஒருவர் பத்தையால் அடித்துத் தாளம் எழுப்புவார். உடுக்கையும் சிறுதாளமும் கட்டையும் துணைநிற்கும். தலைவர் ஓர் அடியைச் சொன்னதும் உடனிருப்போர் 'ஆமாம்' என ஏற்றுப் பாடுவர். பாட்டும் பேச்சும் மாறிமாறி வரும். நெல்லை, குமரி மாவட்டங்களின் கோயில் கொடைவிழாக்களில் இக்கலை தழைத்தது.

அக்கொடைவிழாக்களில் பாடப்பெறும் கதைகளில் பல, அநியாயமாகக் கொலையுண்டு பின்னர்த் தெய்வமாக வழிபடப்படும் மாந்தரைப் பற்றியவை. முத்துப்பட்டன் கதையும் சின்னத்தம்பி கதையும் அவ்வகையின. எனவே வஞ்சனையால் வீழ்ந்த ஒருவரை மக்கள் எவ்வாறு நினைந்து அழுவர், எவ்வாறு தம் நடுவே நிறுத்திக்கொள்வர் என்பதற்கு வில்லுப்பாட்டில் முன்னரே ஒரு வடிவம் இருந்தது. காந்தியடிகளின் கதைக்கு அவ்வடிவம் பொருந்திய பாங்கை எண்ணிப் பாருங்கள். துப்பாக்கிக் குண்டுக்கு இரையான ஒரு தலைவரை நாளேடுகள் செய்தியாக்கின. வில்லுப்பாட்டு அவரை மக்களின் பழைய துயர மரபுக்குள் கொண்டுவந்து சேர்த்தது. பழைய யாப்பில் புதிய பொருளைத் திணித்த செயலாக இதனைக் கருதுவது பிழை. பொருளும் வடிவமும் தம்முள் உறவுடையன என்று உணர்ந்த கவிஞரின் தேர்வு இது.

இன்னொன்றையும் நோக்க வேண்டும். நம் யாப்பிலக்கணம் எழுத்து, அசை, சீர், தளை எனக் கணக்கிட்டுச் செல்லும். வில்லுப்பாட்டின் அடியோ தாளத்தால் நிற்பது. கேட்போர் 'ஆமாம்' சொல்லும் இடைவெளியும் அதன் யாப்பின் ஒரு பகுதி. ஏட்டில் படிக்கும்போது தளர்வாகத் தோன்றும் அடி, குடத்தின் ஒலியோடு கேட்கும்போது இறுகி நிற்கும். ஆகவே இத்தகைய பாட்டைக் கண்ணால் மட்டும் படித்து 'எளிமையானது' என ஒதுக்குவோர், பாட்டின் பாதியைக் கேளாமலே தீர்ப்பளிப்பவராவர்.

திரையில் ஒலித்த தமிழ்

திரைப்படத்தில் சுப்புவின் கை பட்ட இடங்களை முற்றாகப் பிரித்துக் காட்டல் அரிது. 'ஜெமினி கதை இலாகா' எனப் பலர் கூடிக் கதை அமைக்கும் முறை அங்கு இருந்தது. பாடல்களையும் ஒரே படத்துக்குப் பலர் எழுதினர். எனினும் சில படங்கள் அவர் முயற்சியின் போக்கைத் தெளிவாகக் காட்டுகின்றன.

1947இல் வெளிவந்த 'மிஸ் மாலினி' ஆர். கே. நாராயணின் கதையை அடிப்படையாகக் கொண்டது. சுப்பு அதனை இயக்கியதோடு நடித்தும் இருந்தார். புராணப் படங்கள் மலிந்திருந்த காலத்தில், போர்க்கால நகரத்தின் பங்கீட்டு அரிசியையும் வரிசையில் நிற்கும் மக்களின் அவதியையும் அதில் பாடலுக்குப் பொருளாக்கினார். கடவுளரையும் காதலரையும் மட்டுமே பாடிவந்த திரைப்பாட்டு, அரிசிக் கடை வரிசைக்கு இறங்கி வந்தது. வணிக அளவில் அப்படம் பெருவெற்றி காணாவிடினும், அன்றாட வாழ்வின் பேச்சுமொழியைப் பாட்டாக்கிய அத்துணிவு மறக்கத்தக்கதன்று.

1948 ஏப்ரலில் வெளிவந்த 'சந்திரலேகா' இதற்கு நேர்மாறான பெருங்காட்சி. பாபநாசம் சிவனும் சுப்புவும் அதற்குப் பாடல் எழுதினர். பெரிய முரசங்களின் மேல் மகளிர் ஆட, முடிவில் முரசங்களுக்குள் மறைந்திருந்த வீரர்கள் வெளிப்பட்டுப் போர் தொடங்கும் காட்சி உலகப் புகழ் பெற்றது. ஒலிக்கருவியே அரங்காகவும் கோட்டையைப் பிளக்கும் படைக்கலமாகவும் மாறும் அக்காட்சியில் சொல்லுக்கு வேலையில்லை. முழக்கமே கதையை நடத்துகிறது. 1958இல் வந்த 'வஞ்சிக்கோட்டை வாலிப'னில் பத்மினியும் வைஜயந்திமாலாவும் போட்டியிட்டு ஆடும் பாடல் சுப்பு இயற்றியது. அங்குச் சொற்கள் ஆடலின் அடவுக்கும் விரைவுக்கும் ஏற்ப அளந்து வைக்கப்பட்டுள்ளன. 1960இல் வெளியான 'இரும்புத்திரை' ஆலைத் தொழிலாளர் வாழ்வைப் பேசிற்று. நம் நாட்டில் தேசியத் தோட்டத் தொழிலாளர் சங்கம் 1954இல் உருவாகியிருந்த அக்காலத்தில், முதலாளி-தொழிலாளி உறவைப் பற்றிய படத்தின் பொருளைத் தோட்ட மக்களுக்கு எவரும் விளக்க வேண்டியிருந்திராது.

ஆசிரியராகிய நமக்கு மிக நெருங்கியது 'ஔவையார்' (1953). சுப்பு இயக்கிய அப்படத்தில் கே. பி. சுந்தராம்பாள் ஔவையாக நடித்தார். ஒலிபெருக்கி பரவாத நாடக மேடைகளில் கடைசி வரிசைக்கும் எட்டும்படி பாடிப் பயின்ற குரல் அவருடையது. ஔவையின் பெயரால் வழங்கும் செய்யுட்களை அக்குரலில் ஏற்றி, நடையாய் நடந்து நாடு சுற்றும் ஒரு மூதாட்டியின் வாழ்க்கையோடு அவற்றை இணைத்தார் சுப்பு. பள்ளியில் நெட்டுருவாகிய செய்யுள், ஒருத்தி பசித்தும் நடந்தும் இடித்துரைத்தும் சொன்ன சொல்லாக உருப்பெற்றது. படத்தில் பக்தியும் அற்புதமும் மிகுந்து, புறநானூற்றில் நாம் காணும் ஔவையின் கூர்மை சற்று மங்கிவிட்டது என்பதும் உண்மையே. காலத்தால் வேறுபட்ட ஔவையார் பலர் உண்டு என்னும் ஆராய்ச்சி முடிவையும் படம் கருத்தில் கொள்ளவில்லை. ஆயினும் எழுத்தறியாதார்க்கும் மூதுரையின் சுவையை ஊட்டிய வகையில் அதன் பயன் பெரிது.

உரைநடையில் நாதசுரம்

'கலைமணி' என்னும் புனைபெயரில் 1950களின் பிற்பகுதியில் விகடனில் அவர் எழுதிய 'தில்லானா மோகனாம்பாள்', கோபுலுவின் ஓவியங்களோடு வாரந்தோறும் வெளிவந்தது. நாதசுரக் கலைஞர் சிக்கல் சண்முகசுந்தரமும் ஆடலரசி மோகனாம்பாளும் கொள்ளும் போட்டியும் காதலும் அதன் பொருள். ஓசையில்லாத அச்செழுத்தில் நாதசுரத்தையும் சதங்கையையும் கேட்கச் செய்வதே ஆசிரியர் தமக்குத் தாமே இட்டுக்கொண்ட தேர்வு. 1968இல் ஏ. பி. நாகராசன் அதனைப் படமாக்கியபோது மதுரை எம். பி. என். சேதுராமன், பொன்னுசாமி சகோதரர்களின் நாதசுரம் அவ்வெழுத்துக்கு மெய்யான ஒலியைத் தந்தது. எழுத்தாய்ப் பிறந்து இசையாய் வளர்ந்து காட்சியாய் நிலைத்த இக்கதையே சுப்புவின் முத்தமிழ் முயற்சிக்குச் சிறந்த எடுத்துக்காட்டு. 1971இல் இந்திய அரசு அவருக்குப் பத்மஸ்ரீ விருது வழங்கியது.

பிரெஞ்சுக் கவிஞர் ஒருவர்

உலக அரங்கில் கவிதை, ஒலி, திரை மூன்றையும் ஒருங்கே ஆண்ட சோதனைக் கலைஞர் என்றதும் பிரெஞ்சுக் கவிஞர் ழான் காக்டோ (1889–1963) நினைவுக்கு வருவார். தாம் எழுதிய புதினம், நாடகம், திரைப்படம் அனைத்தையும் கவிதையின் வகைகளாகவே அவர் பெயரிட்டு வழங்கினார். 1950இல் வெளிவந்த அவருடைய 'ஆர்ஃபே' படத்தில், கவிஞன் ஒருவன் மோட்டார் வண்டியின் வானொலியில் ஒலிக்கும் புரியாத சொற்களைக் கேட்டுக் கேட்டு மயங்குகிறான். புதிய கருவி கவிஞனுக்குப் புதிய தெய்வவாக்கு ஆகிறது.

காக்டோவும் சுப்புவும் ஏறத்தாழ ஒரே காலத்தில் ஒரே வகைக் கருவிகளைக் கையாண்டவர்கள். அவர் சோதனை பழகிய சுவையை உடைத்துப் பார்த்தது. கலைப் பயிற்சியுடைய சிறு வட்டத்தார் அதனைப் போற்றினர். இவர் சோதனை பழகிய சுவையைப் புதிய கருவிக்குள் ஏற்றிப் பார்த்தது. கொட்டகையின் மணல்தரையில் அமர்ந்தவரும் அதனைச் சுவைத்தனர். புதுமை என்றால் விளங்காமை என்று கருதும் வழக்கம் நம்மிடையே வேரூன்றியதால், முன்னவரின் முயற்சியைச் சோதனை என்று போற்றுகிறோம். பின்னவரின் முயற்சியைச் சினிமாப் பாட்டு என்று தள்ளுகிறோம். ஜெமினியில் பணியாற்றிய எழுத்தாளர் அசோகமித்திரன், சுப்புவின் திரை வெற்றியே அவருடைய இலக்கியச் சிறப்பை மறைத்துவிட்டது என விமர்சகர்கள் கருதியதாகத் தம் நினைவுக் குறிப்புகளில் குறிப்பிட்டிருப்பது ஈண்டு எண்ணத்தக்கது.

பேராக்கின் செவி

இனி நம் மண்ணுக்கு வருவோம். காந்தியடிகள் மறைந்து 'சந்திரலேகா' வெளிவந்த அதே 1948இல், ஜூன் 16ஆம் நாள் சுங்கை சிப்புட் வட்டாரத் தோட்டங்களில் ஐரோப்பிய நிருவாகிகள் மூவர் கொல்லப்பட்டனர். அதனைத் தொடர்ந்து மலாயாவில் அவசரகாலம் அறிவிக்கப்பட்டு, 1960 வரை நீடித்தது. லயங்கள் முள்வேலிக்குள் அடைபட்டன, ஊரடங்கு வந்தது, மக்கள் போக்குவரவு குறுகியது. அவ்வேலியைக் கடந்து உள்ளே வந்தவற்றுள் ஒலியும் ஒளியும் முதன்மையானவை. 1946இல் தொடங்கிய மலாயா வானொலியில் தமிழ் ஒலித்தது. தகவல் இலாகாவின் படவண்டிகள் தோட்டத் திடல்களில் வெண்திரை கட்டின. ஈப்போ போன்ற நகரங்களின் கொட்டகைகளில் தமிழ்ப் படங்கள் ஓடின.

தோட்டத்துத் தமிழர் எழுத்தை விடச் செவியை நம்பி வாழ்ந்தவர். 1923ஆம் ஆண்டின் தொழிலாளர் சட்டம் தோட்டப் பிள்ளைகளுக்குப் பள்ளி வைக்க நிருவாகத்தைக் கட்டாயப்படுத்திற்று. எனினும் பல பிள்ளைகள் சில ஆண்டுகளே கற்று, பால்வாளியைத் தூக்கச் சென்றனர். அம்மக்களுக்கு இலக்கியம் ஆயாக்கொட்டகைத் தாலாட்டாகவும், இழவு வீட்டு ஒப்பாரியாகவும், பால்வெட்டின்போது எழுந்த தெம்மாங்காகவும், திருவிழாக் கூத்தாகவும் விளங்கிற்று. இவற்றோடு ஔவையும் நந்தனும் திரையிலிருந்து வந்து கலந்தனர். ஔவையின் அறிவுரையைப் படத்தில் கேட்டு, எழுத்தறியாத பாட்டியர் பேரப்பிள்ளைகளுக்குச் சொல்லித் தந்த வீடுகளை எம் தலைமுறையினர் அறிவர். காந்தியடிகளின் பெயரும் இம்மண்ணில் வேர்கொண்டது. துன் வீ. தி. சம்பந்தன் முயற்சியால் சுங்கை சிப்புட்டில் எழுந்த தமிழ்ப்பள்ளி, மகாத்மா காந்தி கலாசாலை என்றே பெயர் பெற்றது.

ஆயின், காந்தி கதைக்கு வில்லைத் தேடி எடுத்த சுப்புவைப் போல, தோட்டத்துத் தாலாட்டையும் ஒப்பாரியையும் ஏட்டுக்கும் ஒலிக்கும் திரைக்கும் எடுத்துச் சென்றவர் நம்மிடையே எத்துணைப் பேர்? மலாயாப் பல்கலைக்கழகத்தில் பணியாற்றிய முனைவர் இரா. தண்டாயுதம் மலேசிய நாட்டுப்புறப் பாடல்களைத் திரட்டி ஆராய்ந்தார். 'நாடு விட்டு நாடு' எழுதிய முத்தம்மாள் பழனிசாமி தாம் அறிந்த நாட்டுப்புறப் பாடல்களை நூலாக்கினார். 2005இல் 'செம்மண் சாலை', 2015இல் 'ஜகாட்' ஆகிய படங்கள் தோட்டத்து வாழ்வையும் தோட்டம் இழந்தோர் வாழ்வையும் நம் நாட்டுத் தமிழிலேயே திரைக்குக் கொண்டுவந்தன. போற்றத்தக்க இம்முயற்சிகள் கடலளவு செல்வத்தில் கையளவே.

விடுதலைக்குப் பின் தோட்டங்கள் துண்டாடப்பட்டன. 1960இல் தோன்றிய தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கம் சில தோட்டங்களைக் காத்தது. ஆயினும் பின்வந்த ஆண்டுகளில் பால்மரக்காடுகள் செம்பனைக்கும் வீடமைப்புக்கும் இடம் விட்டன. மக்கள் நகரோரக் குடியிருப்புகளுக்குப் பெயர்ந்தனர். பேராக் மாநிலத்தின் 130க்கும் மேற்பட்ட தமிழ்ப்பள்ளிகளுள் பல இன்றும் தோட்டத்தின் பெயரைத் தாங்கி நிற்கின்றன. அத்தோட்டங்களில் பல இன்று இல்லை. பெயர் மட்டும் எஞ்சிப் பாட்டு மறையுமாயின், அஃது எத்தகைய இழப்பு!

ஆசிரியர்க்கு உரிய பணி

ஆசிரியர் பயிற்சியில் நாம் வெண்பாவின் தளையைக் கற்றோம். சிந்தின் தாளத்தைக் கற்றவர் நம்முள் சிலரே. தொடக்கப் பள்ளியின் செய்யுளும் மொழியணியும் பகுதியில் ஆத்திசூடியும் கொன்றைவேந்தனும் திருக்குறளும் உள்ளன. அவற்றைப் பொருளோடு கற்பிக்கிறோம், ஒலியோடு கற்பிக்கிறோமா? ஒரு மண்குடமும் இரண்டு கோல்களும் போதும். ஒரு மாணவன் பாட, பிறர் 'ஆமாம்' என ஏற்க, ஔவையின் அறமும் அவர்கள் தோட்டத்தின் வரலாறும் வகுப்பறையில் வில்லிசையாக எழக்கூடும். மேல்வகுப்பு மாணவர், தம் பாட்டியின் குரலைக் கைப்பேசியிலேயே பதிவு செய்யலாம். பாடியவர் பெயர், தோட்டத்தின் பெயர், பாடிய சூழல் ஆகியவற்றை உடன் எழுதி வைக்கலாம். சுப்புவுக்கு ஒரு படப்பிடிப்புத் தளம் தேவைப்பட்டது. அவர் காலத்தில் பெருநிறுவனங்களுக்கே உரியதாயிருந்த ஒலிப்பதிவும் படப்பிடிப்பும் இன்று மாணவன் சட்டைப்பையில் இருக்கின்றன.

பால்மரத்து நிழலில் பாடிப் பழகிய மூதாட்டியர் இன்று எண்பதைக் கடந்தவர்கள். அவர்கள் நாவிலுள்ள பாட்டுக்கு வேறு ஏடு இல்லை. வில்லையும் திரையையும் இலக்கியத்தின் ஏடாக ஏற்ற கொத்தமங்கலம் சுப்புவைப் படிக்கும் தமிழாசிரியர், அம்மூதாட்டியரின் வாசலுக்கு இவ்விடுமுறையிலேயே மாணவரை அழைத்துச் செல்வாராக.